பளாரென அறையாத சொல்: 'ஸ்லேப்-பேங்' பழகும் வழி

போன மாதம் ஒருநாள் ராத்திரி பத்தரை மணி இருக்கும். சைதாப்பேட்டையில் எங்கள் வீட்டு மாடியில் ஞாயிற்றுக்கிழமைகளில் நான் நடத்தும் ஆங்கில வகுப்புக்கு வரும் பெண் ஒருத்தி வாட்ஸப்பில் ஒரு வரியை அனுப்பியிருந்தாள். செஞ்சிப் பக்கம் ஒரு கிராமத்திலிருந்து சென்னைக்கு வந்து எட்டு மாதம்தான் ஆகிறது. பழைய மகாபலிபுரம் சாலையில் ஒரு கம்பெனியில், வெளிநாட்டு வாடிக்கையாளர்கள் எழுதும் புகார்களுக்குப் பதில் போடும் வேலை. லண்டன்காரர் ஒருவர் இப்படி எழுதியிருந்தாராம்: 'தட் மெசேஜ் பாக்ஸ் இஸ் ஸ்லேப்-பேங் இன் த மிடில் ஆஃப் த ஃபார்ம்.' அதற்குக் கீழே அவளுடைய கேள்வி: "அக்கா, இவர் அறைவேன்னு மிரட்டுறாரா? மேனேஜர்கிட்ட சொல்லட்டுமா?"

மிரட்டவில்லை. 'அந்தப் பெட்டி படிவத்தின் நட்டநடுவில் வந்து நிற்கிறது' என்று சொல்கிறார், அவ்வளவுதான். கொஞ்சம் எரிச்சல் உண்டு, கோபம் இல்லை.

அவள் பயந்ததில் தப்பே இல்லை. ஸ்லேப் என்றால் அறை, பேங் என்றால் டமால் என்கிற சத்தம். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் யாருக்கும் அடிதடிதான் தோன்றும். நம் ஊரில் பள்ளிக்கூடத்து ஆங்கிலத்திலும் ஆபீஸ் ஆங்கிலத்திலும் இந்தச் சொல் கண்ணில் படுவதே அபூர்வம். பிரிட்டன்காரர்களோ பேச்சில் சர்வசாதாரணமாகப் போடுவார்கள். தமிழ் வழியில் படித்துவிட்டு இங்கே வேலைக்கு வந்து, இப்படி ஒரு சொல்லில் வந்து முட்டிக்கொள்கிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். ஆங்கில வரிகளையும் தமிழ் எழுத்திலேயே தருகிறேன், வாய்விட்டுப் படியுங்கள்.

முதலில் வாய்க்குப் பழக்குங்கள்

அர்த்தத்துக்கு முன்னால் உச்சரிப்பு. சத்தத்திலிருந்து பிறந்த சொல் இது. சத்தம் சரியாக வராவிட்டால் எதிரே இருப்பவருக்குச் சொல்லே பிடிபடாது.

எழுத்துக் கூட்டினால் எஸ், எல், ஏ, பி. நடுவே ஒரு சின்னக் கோடு. அப்புறம் பி, ஏ, என், ஜி. தமிழில் எழுதும்போது ஒரு சிக்கல் வருகிறது. முதல் பாதியின் கடைசியில் இருக்கும் 'பி'யும் இரண்டாம் பாதியின் தொடக்கத்தில் இருக்கும் 'பி'யும் ஒன்றல்ல. முன்னது 'பேனா'வில் வரும் ப. பின்னது 'பஸ்'ஸில் வரும் ப. நமக்கு இரண்டுக்கும் எழுத்து ஒன்றுதான் என்பதால் காதும் இரண்டையும் ஒன்றாகவே எடுத்துக்கொள்கிறது.

இப்படிச் செய்து பாருங்கள். 'ஸ்லேப்' என்று சொல்லி உதட்டை மூடுங்கள். மூடிய உதட்டைத் திறக்காதீர்கள். திறந்தால் ஒரு 'உ' ஒட்டிக்கொண்டு 'ஸ்லேப்பு' ஆகிவிடும். பஸ்ஸை பஸ்ஸு என்றும் கப்பை கப்பு என்றும் சொல்லிப் பழகிய நாக்கு நம்முடையது. உதடு மூடியபடியே இருக்கட்டும். இப்போது தொண்டையில் விரலை வைத்துக்கொண்டு, அதே மூடலிலிருந்து 'பேங்' என்று வெடியுங்கள். 'பஸ்'ஸின் ப சரியாக வந்திருந்தால் விரலுக்கு அதிர்வு தெரியும். ஆக, நடுவில் உதடு மூடுவது ஒரே ஒரு தடவைதான்.

கடைசியில் இருக்கும் 'ங்'கில் அப்படியே நின்றுவிட வேண்டும். 'அங்ஙனம்' என்று சொல்லும்போது வரும் ங் அது. 'மாங்காய்' என்னும்போது ஒரு க் சேர்ந்து வருகிறதே, அது இங்கே கூடாது. க் சேர்ந்தால் பணம் போடும் பேங்க் ஆகிவிடும். 'ஸ்' முன்னால் 'இ' போட்டு 'இஸ்லேப்' என்று தொடங்குகிறவர்களும் உண்டு. அவர்கள் 'ஸ்ஸ்ஸ்' என்று பாம்பு மாதிரி இழுத்துத் தொடங்கினால் ஒரே வாரத்தில் சரியாகிவிடும். அழுத்தம் 'பேங்'கில் விழட்டும்.

பத்து தடவை சொல்லிவிட்டு மேலே வாருங்கள்.

நட்டநடு: இதுதான் முதல் அர்த்தம்

நீங்கள் இந்தச் சொல்லைச் சந்திக்கும் பத்து இடங்களில் பெரும்பாலானவற்றில் அதற்கு ஒரே அர்த்தம்தான் இருக்கும்: மிகச் சரியாக அந்த இடத்தில். பெரும்பாலும் 'இன் த மிடில் ஆஃப்' என்ற தொடருக்கு முன்னால் வந்து உட்காரும். தமிழில் இதற்கு அச்சு அசலாக ஒரு சொல் இருக்கிறது: நட்டநடு. 'நடு ரோட்டில்' என்றால் தகவல். 'நட்டநடு ரோட்டில்' என்றால் தகவலோடு ஒரு முகபாவமும் சேர்ந்து வருகிறது. ஆச்சரியமோ எரிச்சலோ, 'இங்கேயா இதை வைப்பார்கள்!' என்கிற ஒரு தொனி. ஸ்லேப்-பேங் செய்வதும் அதே வேலைதான்.

'த மேன்ஹோல் இஸ் ஸ்லேப்-பேங் இன் த மிடில் ஆஃப் த ரோடு.' நட்டநடு ரோட்டில் மேன்ஹோல்.

'கிண்டி நேஷனல் பார்க் இஸ் ஸ்லேப்-பேங் இன் த மிடில் ஆஃப் த சிட்டி.' இதில் எரிச்சல் இல்லை, வியப்பு மட்டும்தான். சுற்றிலும் பஸ்ஸும் ஆபீஸும் இரைந்துகொண்டிருக்க, நடுவே இரண்டரைச் சதுர கிலோமீட்டருக்கும் மேலான ஒரு காடு. அதில் புள்ளிமான்களும் வெளிமான்களும் மேய்கின்றன. வெளியூரிலிருந்து வந்தவருக்கு இதைச் சொல்லும்போது வெறும் 'இன் த மிடில்' போதாது என்று எனக்கு எப்போதுமே தோன்றும்.

இடத்துக்கு மட்டுமல்ல, காலத்துக்கும் இதே தொடர் வரும். 'த வெட்டிங் இஸ் ஸ்லேப்-பேங் இன் த மிடில் ஆஃப் மை எக்ஸாம்ஸ்.' பரீட்சைக்கு நட்டநடுவே கல்யாணம். அக்னி நட்சத்திரத்துக்கு நட்டநடுவே வீடு மாற்றியவர்களுக்கு இந்த வாக்கியத்தின் வலி புரியும்.

'மிடில்' தவிர 'ஆப்போசிட்', 'நெக்ஸ்ட் டு' போன்றவற்றுக்கு முன்னாலும் வரலாம். 'ஸ்லேப்-பேங் ஆப்போசிட் த டெம்பிள்' என்றால் கோயிலுக்கு நேர் எதிரே, ஒரு அடிகூடத் தள்ளி இல்லை. ஆனாலும் புதிதாகப் பழகுகிறவர்கள் முதல் ஆறு மாதம் 'இன் த மிடில் ஆஃப்' என்பதோடு மட்டும் சேர்த்துப் பயன்படுத்துங்கள் என்பேன். தப்பு வராது.

ஒரு சோதனையும் சொல்கிறேன். ஸ்லேப்-பேங்கை எடுத்துவிட்டு அதே இடத்தில் 'ரைட்' என்று போட்டுப் பாருங்கள். 'ரைட் இன் த மிடில்', 'ரைட் ஆப்போசிட்' என்று வாக்கியம் நிற்கிறதா? அப்படியானால் ஸ்லேப்-பேங்கும் அங்கே நிற்கும். தொகை, கணக்கு, அளவு ஆகியவற்றோடு இது சேராது. சரியாக ஐம்பது ரூபாய் என்பதற்கு 'எக்ஸாக்ட்லி'தான் வேண்டும். 'ஸ்லேப்-பேங் ஃபிஃப்டி ருபீஸ்' என்று யாரும் சொல்வதில்லை.

அடிக்கும் துல்லியத்துக்கும் என்ன உறவு?

வகுப்பில் எல்லாரும் கேட்கும் கேள்வி இது. அடிதடிச் சொல் எப்படி 'மிகச் சரியாக' என்ற பொருளுக்கு வந்தது?

தமிழிலேயே விடை இருக்கிறது. 'அடித்துச் சொல்கிறேன்' என்கிறோம். யாரை அடிக்கிறோம்? 'பொட்டில் அறைந்தாற்போலச் சொன்னார்' என்றால் யாருடைய பொட்டிலும் கை படவில்லை; தெளிவாக, குறி தவறாமல் சொன்னார் என்று அர்த்தம். 'வெட்டு ஒன்று, துண்டு இரண்டு' என்று பேசுகிறவர் கையில் கத்தி கிடையாது. அறை என்பது முகத்தில் ஒரு குறிப்பிட்ட இடத்தில்தான் விழும். அரையும் குறையுமாக விழுந்தால் அது அறையே இல்லை. அந்த 'சரியாக விழுதல்' மட்டும் மிஞ்சி, வலி உதிர்ந்துபோயிருக்கிறது. ஆங்கிலத்தில் நடந்ததும் இதேதான். 'பேங் இன் த மிடில்' என்றும், 'ஸ்மேக் இன் த மிடில்' என்றும் தனித்தனியாகவும் சொல்வார்கள். பேங், ஸ்மேக், ஸ்லேப் மூன்றுமே அடியின் சத்தங்கள். மூன்றும் 'மிகச் சரியாக' என்ற பொருளுக்கே வந்து சேர்ந்திருக்கின்றன.

இன்னொன்றையும் கவனியுங்கள். சத்தத்தை வினையடையாக்க நாம் 'என' சேர்க்கிறோம்: பளாரென, படாரென, டமாலென. இந்த 'என'வுக்கு வயது அதிகம். ஒலிக்குறிப்போடும் அது வரும் என்பதைத் தொல்காப்பியமே சொல்கிறது. 'ஒல்லென ஒலித்தது' என்பது உரையாசிரியர் காட்டும் உதாரணம். ஆங்கிலத்தில் ஸ்லேப்-பேங்குக்கு அப்படி எந்த ஒட்டும் வேண்டாம். வேறு பல வினையடைகளின் வாலில் 'லி' இருக்கும்: குயிக்லி, ஸ்லோலி. இதற்கு 'லி' சேர்க்கக் கூடாது. 'வெரி' போடவும் கூடாது. 'மிகவும் நட்டநடுவில்' என்று நாம் சொல்வதில்லையே, அதே காரணம்தான்: அழுத்தம் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது.

எதிரும் புதிருமாக: இரண்டாம் அர்த்தம்

இதற்கு அடையாளம் 'இன்டு'. 'ஐ வாக்ட் ஸ்லேப்-பேங் இன்டு த கிளாஸ் டோர்.' கண்ணாடிக் கதவு இருப்பது தெரியாமல் நேராகப் போய் டமாலென்று முட்டிக்கொண்டேன். இங்கே நிஜமாகவே ஒரு மோதல் இருக்கிறது; எதிர்பாராமல், நேருக்கு நேர், முழு வேகத்தில்.

மோதல் இல்லாமலும் வரும். ரங்கநாதன் தெருவில் தீபாவளிக் கூட்டம். நீங்கள் ஒரு கடையிலிருந்து வெளியே வர, எதிரே உங்கள் எட்டாம் வகுப்பு டீச்சர். 'ஐ ரேன் ஸ்லேப்-பேங் இன்டு மை ஓல்டு டீச்சர்.' ஓடவும் இல்லை, இடிக்கவும் இல்லை. 'ரேன் இன்டு' என்றாலே தற்செயலாகச் சந்தித்தேன் என்றுதான் பொருள். ஸ்லேப்-பேங் சேரும்போது, 'ஒதுங்கக்கூட நேரமில்லாமல், முகத்துக்கு நேரே' என்ற படம் சேர்ந்துவிடுகிறது.

இந்த இடத்தில் நம்மவர்கள் செய்யும் பிழை ஒன்று உண்டு. 'ஹீ ஹிட் மீ ஸ்லேப்-பேங்' என்று எழுதுவார்கள், பளாரென்று அறைந்தான் என்ற எண்ணத்தில். அப்படி வராது. ஒருவர் இன்னொருவரை அடித்ததைச் சொல்ல இந்தச் சொல் உதவாது. எங்கே, எதன் மேல், எதற்குள் என்று காட்டும் ஒரு தொடர் பின்னால் வர வேண்டும். அந்தத் தொடர் இல்லாமல் ஸ்லேப்-பேங் தொங்கிக்கொண்டு நின்றால் வாக்கியம் தப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

கையில் காசு, வாயில் தோசை

மூன்றாவது அர்த்தம் வழக்கொழிந்துவிட்டது. இன்று யாரிடமும் பேசும்போது பயன்படுத்தாதீர்கள். ஆனால் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான்.

ஃபிரான்சிஸ் க்ரோஸ் என்ற ஆங்கிலேயர் லண்டன் தெருப் பேச்சைச் சேகரித்து ஓர் அகராதி போட்டார். முதல் பதிப்பு 1785-இல் வந்தது. அவர் காலமான பிறகும் அது விரிந்து விரிந்து வெளிவந்துகொண்டிருந்தது. 1811 பதிப்பில் 'ஸ்லேப்-பேங் ஷாப்' என்று ஒரு பதிவு இருக்கிறது. சின்னச் சாப்பாட்டுக் கடை. அங்கே கடன் கிடையாது. சாப்பிட்டதற்கு ரொக்கத்தை உடனே, அந்த இடத்திலேயே வைத்தாக வேண்டும். ஸ்லேப்-பேங் என்பதற்கு 'உடனடியாக' என்றே அந்த அகராதி விளக்கம் கொடுக்கிறது.

காசை மேஜையில் 'டொக்'கென்று வைக்கும் சத்தம் கேட்கிறதா? நம் மெஸ்களிலும் டிபன் கடைகளிலும் 'இன்று ரொக்கம், நாளை கடன்' என்று எழுதி மாட்டியிருப்பார்களே, அந்தக் கடைகள்தான் லண்டனில் ஸ்லேப்-பேங் ஷாப். 'கையில் காசு, வாயில் தோசை' என்ற நம் பேச்சுக்கு இதைவிடப் பொருத்தமான ஆங்கிலச் சொல்லை நான் இதுவரை பார்த்ததில்லை. 19-ஆம் நூற்றாண்டு ஆங்கிலக் கதைகளைப் படிக்கும்போது இந்தப் பெயர் எதிர்ப்பட்டால் அறையும் வெடியும் தேடாமல், இலையைப் போட்டு உட்காருங்கள்.

இப்படிப் பழைய அர்த்தங்களைத் தேடிப் பார்க்க ஆசை இருந்தால் கையடக்க அகராதி போதாது. கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்திலோ எழும்பூர் கன்னிமாரா நூலகத்திலோ பெரிய ஆங்கில அகராதியை எடுத்து, ஒரு சனிக்கிழமை உட்கார்ந்து பாருங்கள். ஒரு சொல்லுக்கு ஆண்டு போட்டு, வரி போட்டு உதாரணம் கொடுத்திருப்பதைக் கண்ணால் பார்ப்பது தனி அனுபவம்.

எதிரே இருப்பவர் எந்த ஊர்க்காரர்?

ஸ்லேப்-பேங் பிரிட்டன் பேச்சு. அமெரிக்கர்கள் அதே இடத்தில் 'ஸ்மேக்-டேப்' என்பார்கள். 'ஸ்மேக்-டேப் இன் த மிடில்'. ஆஸ்திரேலியர்களிடம் 'ஸ்மேக்-பேங்' கேட்கலாம். இரவு ஷிஃப்டில் அமெரிக்காக்காரரோடு பேசுகிறவர்கள் ஸ்லேப்-பேங் சொன்னால் புரியாமல் போகாது, ஆனால் ஒரு நொடி நிதானிப்பார்.

உருவத்தில் ஒட்டிய இரண்டு சொற்களைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். 'ஸ்லேப்-டேஷ்' என்றால் அரைகுறை, அவசரக்கோலம். அள்ளித் தெளித்த வேலையை அப்படிச் சொல்வார்கள். அது குறை சொல்லும் சொல். 'ஸ்லேப்-அப் மீல்' என்றால் தடபுடல் விருந்து. லண்டன் மேலாளர் சென்னைக்கு வந்து 'ஸ்லேப்-அப் டின்னர்' தருகிறேன் என்றால் தாராளமாகப் போகலாம்.

எங்கே எழுதக் கூடாது

இது பேச்சு வழக்குச் சொல். நண்பருக்கும் சக ஊழியருக்கும் எழுதலாம். பிரிட்டன் வாடிக்கையாளர் முதலில் அந்தத் தொனியில் எழுதினால் நீங்களும் எழுதலாம். விண்ணப்பக் கடிதம், காவல் நிலையப் புகார், வக்கீல் நோட்டீஸ், இரங்கல் செய்தி ஆகியவற்றில் கண்டிப்பாக வேண்டாம். குறிப்பாக, ஆட்களுக்கு அடிபட்ட விபத்தைப் பற்றி எழுதும்போது. 'த லாரி ரேன் ஸ்லேப்-பேங் இன்டு த ஆட்டோ' என்று இலக்கணம் தப்பாமல் எழுதிவிடலாம். ஆனால் ஆட்டோவில் இருந்தவருடைய அம்மா அந்த வரியைப் படிப்பார் என்றால் அதை எழுத மாட்டோம். 'டமால்னு மோதிடுச்சு' என்று துக்க வீட்டில் சொன்னால் எப்படி இருக்குமோ அப்படித்தான் அங்கேயும் கேட்கும். அந்த இடத்தில் 'கொலைடட் வித்' என்று அடக்கமாக எழுதுங்கள்.

நடுவில் கோடு போடுவதா வேண்டாமா என்று கேட்பீர்கள். இரண்டு விதமாகவும் எழுதுகிறார்கள். ஒரே கடிதத்தில் மாற்றி மாற்றிப் போடாமல் இருந்தால் சரி.

ஒரு வாரப் பயிற்சி

தினமும் ஆபீஸ் போகும் வழியில் இருக்கக் கூடாத இடத்தில் இருக்கும் ஒரு பொருளைப் பாருங்கள். சென்னையில் அதற்குப் பஞ்சமே இல்லை. மெட்ரோ வேலைக்கு வைத்த தடுப்பு, பிளாட்பாரத்தின் நடுவே முளைத்த மின்கம்பம், வழியை மறித்துப் படுத்திருக்கும் மாடு. முதலில் தமிழில் 'நட்டநடுவில்' போட்டு ஒரு வாக்கியம். அப்புறம் அதை ஆங்கிலத்தில் ஸ்லேப்-பேங் போட்டு வாய்விட்டு ஒரு தடவை. எழுத வேண்டாம், சொன்னால் போதும். மூன்றாம் நாளிலிருந்து தமிழ் வாக்கியம் முன்னால் வராமலேயே ஆங்கிலம் வரத் தொடங்கும். ஐந்தாம் நாள் 'இன்டு'வுக்கு மாறுங்கள்: இன்று யாரை எதிர்பாராமல் எதிரெதிரே சந்தித்தீர்கள்?

அந்தப் பெண் மேனேஜரிடம் போகவில்லை. மறுநாள் காலையில் லண்டன்காரருக்குப் பதில் எழுதினாள்: 'ஸாரி அபௌட் தட். வீ வில் மூவ் இட் டு த கார்னர்.' பெட்டி ஓரத்துக்குப் போனது. அவரும் ஒரு வரி நன்றி எழுதி முடித்துக்கொண்டார்.

போன ஞாயிறு அவள் வகுப்புக்கு இருபது நிமிடம் தாமதம். மூச்சு வாங்க மாடியேறி வந்து, செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே நின்று சொன்னாள்: "அக்கா, த பஸ் ப்ரோக் டவுன். ஸ்லேப்-பேங் இன் த மிடில் ஆஃப் சின்னமலை சிக்னல்." உதடு ஒரு தடவைதான் மூடியது. ங்-கில் நின்றாள், 'கு' வரவில்லை.